ஹோய் ஆனில் இரண்டு மணி நேரம்: வழிகாட்டியோடு நடந்த அனுபவம்

வாடாமல்லி எழுதியது:

2025 மார்ச்சில் அம்மாவைக் கூட்டிக்கொண்டு வியட்நாம் போயிருந்தேன். அம்மாவுக்கு 68 வயது. மழை வருவதை வானிலை அறிக்கைக்கு முன்னாலேயே சொல்லிவிடும் முழங்கால்கள். கொடி பிடித்தவர் பின்னால் முப்பது பேரோடு ஓடுவதெல்லாம் ஆகாத காரியம். அதனால் ஹோய் ஆனில் எங்கள் இரண்டு பேருக்கு மட்டும் ஒரு வழிகாட்டியை இரண்டு மணி நேரத்துக்கு ஏற்பாடு செய்தோம். நாங்கள் தங்கியிருந்த வீட்டுக்கார அம்மாவே ஆளைப் பிடித்துக் கொடுத்தார். ஆறு லட்சம் டோங். "லட்சமா!" என்று அம்மா நெஞ்சில் கை வைத்தார். நம் காசுக்கு இரண்டாயிரத்துச் சொச்சம் என்று சொன்ன பிறகுதான் கை இறங்கியது.

முந்தின நாள் சாயங்காலமே நாங்களாக ஊரை ஒரு சுற்று சுற்றியிருந்தோம். மஞ்சள் சுவர், பட்டு விளக்கு, ஆற்றில் படகு, எங்கு திரும்பினாலும் போட்டோவுக்கு நிற்பவர்கள். அறைக்குத் திரும்பும்போது அம்மா, "அழகாத்தான் இருக்கு. ஆனா ஊரே கடையா இருக்கே" என்றார். எனக்கும் அப்படித்தான் பட்டது. மறுநாள் காலை நடந்ததும் அதே நாலு தெருதான்.

எட்டு மணிக்கு வந்து நின்ற பெண்ணுக்கு இருபத்தைந்து வயது இருக்கும். கழுத்தில் வழிகாட்டி அட்டை, தலையில் கூம்புத் தொப்பி. கும்பிட்ட கையோடு அம்மாவிடம் வயதைக் கேட்டாள். எனக்குச் சங்கடமாகிவிட்டது. அதைக் கவனித்து அவளே விளக்கினாள். வயது தெரியாவிட்டால் வியட்நாமியில் வாயைத் திறப்பது கஷ்டமாம். 'நான்', 'நீங்கள்' என்று பொதுப்படையாகப் பேசினால் விறைப்பாக இருக்கும். அக்கா, தம்பி, பெரியம்மா என்று முறை வைத்துப் பேசினால்தான் பேச்சு ஓடும். தன்னைச் சொல்லிக்கொள்வதும் அதே முறையில்தான். அம்மா அவளுக்கு 'பாக்', பெரியம்மா முறை. நான் 'சி', அக்கா. அம்மாவிடம் பேசும்போது தன்னை 'கொன்' என்பாள், பிள்ளை என்று பொருள். அம்மா அதைக் கேட்டுவிட்டு, "நம்ம ஊர் பஸ்ஸுல 'அக்கா, கொஞ்சம் தள்ளி உக்காருங்க'ங்கறோமே, அது மாதிரி" என்றார். அதற்கப்புறம் அவர்கள் இருவரும் கை கோத்துக்கொண்டு முன்னால் போனார்கள். குடை பிடித்துக்கொண்டு பின்னால் போனது நான்.

முதலில் பெரிய கோயில் எதையாவது காட்டுவாள் என்று பார்த்தேன். அவள் நிறுத்தியது ஒரு துணிக்கடை வாசலில். நிலைக்கு மேலே பாருங்கள் என்றாள். இரண்டு மரக்குமிழ்கள். உள்ளங்கை அகலம், ஓரத்தில் பூவிதழ் போலச் செதுக்கியிருந்தது, நடுவில் கறுப்பும் வெள்ளையும் சுழன்று நிற்கும் யின்-யாங் வட்டம். 'கதவின் கண்' என்று பெயராம். நிலையையும் மேல் சட்டத்தையும் பிடித்து வைத்திருக்கும் முளைகளின் தலைதான் அது. ஆனால் வீட்டுக்கு அதுவே காவல்: வருகிறவரைப் பார்த்துக்கொண்டிருக்கும், கெட்டதை உள்ளே விடாது. புத்தாண்டுக்கு அதற்குச் சிவப்புத் துணி போடுவார்கள். முந்தின நாள் அதே கண்ணுக்கு நேர் கீழே நின்றுதான் ஒரு சட்டைக்கு அரை மணி நேரம் பேரம் பேசியிருந்தேன்.

அப்புறம் அம்மா அண்ணாந்தபடியேதான் நடந்தார். ஒரு வீட்டில் எட்டு மூலை, இன்னொன்றில் பூ, வேறொன்றில் வண்ணமெல்லாம் போய் வெறும் கட்டை. கூரை ஓடுகளையும் அப்போதுதான் கவனித்தோம். ஒரு வரிசை குப்புற, ஒரு வரிசை மல்லாக்க, இடுக்கில் புல் முளைத்துக் கிடந்தது.

இந்த வீடுகள் எப்படித் தப்பின என்பதை அவள் நடந்துகொண்டே சொன்னாள். 16, 17-ஆம் நூற்றாண்டுகளில் ஜப்பானியர்களும் சீனர்களும் காற்றை நம்பிக் கப்பலில் வந்தவர்கள். வரும்போது ஒரு காற்று. திரும்பிப் போக எதிர்க்காற்றுக்கு மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும். காத்திருந்தவர்கள் வீடு கட்டினார்கள், கல்யாணம் செய்துகொண்டார்கள். ஐரோப்பியர்கள் இந்த ஊரை ஃபைஃபோ என்றார்கள். பிறகு தூ போன் ஆறு மணல் மூடிப்போய்ப் பெரிய கப்பல்கள் நுழைய முடியாமல், 19-ஆம் நூற்றாண்டில் வியாபாரம் பக்கத்துத் துறைமுகமான டா நாங் பக்கம் போய்விட்டது. காசு இல்லாத ஊரில் யாரும் பழையதை இடித்துப் புதிதாகக் கட்டவில்லை. ட்ரான் ஃபூ தெருவில் ஒரு வெள்ளைக்காரர் சிலை இருக்கிறது. போலந்து நாட்டுக் கட்டடக் கலைஞர் கஷிமியெர்ஸ் க்வியாட்கோவ்ஸ்கி. 1980-களில் மீ சோன் சிவன் கோயில் இடிபாடுகளைச் சீர் செய்ய வந்தவர், ஹோய் ஆனையும் காப்பாற்றச் சொல்லி விடாமல் பேசியவர். 1997-ல் ஹுவே நகரில் இறந்துபோனார். 1999-ல்தான் யுனெஸ்கோ பட்டியலில் ஊர் ஏறியது. ஊர்க்காரர்கள் அவரைக் 'காசிக்' என்பார்கள். அம்மா காதில் அது 'காசி' என்று விழுந்து, அந்த ஆளுக்கும் காசிக்கும் என்ன சம்பந்தம் என்று ராத்திரிவரை கேட்டுக்கொண்டிருந்தார்.

சீனாவின் ஃபூஜியான் மாகாணத்துக்காரர்களின் சங்க மண்டபத்தில் கூரையிலிருந்து ஊதுபத்திச் சுருள்கள் தொங்குகின்றன, கூம்பு கூம்பாக. ஒவ்வொன்றிலும் ஒரு சீட்டு, வேண்டிக்கொண்ட குடும்பத்தின் பெயர். ஒரு சுருள் எரிந்து முடிய வாரக்கணக்கில் ஆகும். உள்ளே கடல் தெய்வம் தியென் ஹாவ். இரண்டு பக்கமும் இரண்டு ஆட்கள்: ஒருவனுக்கு ஆயிரம் மைல் பார்க்கும் கண், இன்னொருவனுக்கு ஆயிரம் மைல் கேட்கும் காது. புயலில் மாட்டிக்கொண்ட கப்பலை அவர்கள்தான் அம்மனுக்குச் சொல்வார்களாம். அம்மா கண்ணை மூடிக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். அந்தப் பெண் ஒன்றும் சொல்லாமல் தள்ளி நின்றாள். அது எனக்குப் பிடித்திருந்தது.

அங்கிருந்து சந்துக்குள் பா லே கிணறு. சதுரமான சின்னக் கிணறு, இந்தப் பக்கத்தை முன்பு ஆண்ட சாம் மக்கள் காலத்தது என்கிறார்கள். 'காவ் லாவ்' என்கிற இந்த ஊர் நூடுல்ஸுக்கு இந்தத் தண்ணீர்தான் வேண்டும், மாவில் மரச்சாம்பல் நீரும் சேர வேண்டும் என்பது ஊர் நம்பிக்கை. அதில் பன்றி இறைச்சி இருக்கும், அம்மா சைவம். வழிகாட்டிப் பெண் 'சாய்' என்று கேட்கச் சொல்லிக் கொடுத்தாள். டீ இல்லை, அந்த ஊர்ப் பாஷையில் சைவம் என்று பொருள். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி நிறையப் பேர் அங்கே சைவம் சாப்பிடுவதால் எல்லோருக்கும் இந்தச் சொல் புரியும். அந்த ஒரு சொல்லிலேயே மிச்ச நாட்களில் அம்மாவின் வயிறு நிறைந்தது.

தான் கீ வீட்டுக்கு முன்வாசல் ஒரு தெருவில், பின்வாசல் ஆற்றங்கரையில். சரக்கு ஆற்றுப் பக்கம் இறங்கும், வியாபாரம் தெருப் பக்கம் நடக்கும். பின்பக்கச் சுவரில் உயர உயரக் கோடுகள் போட்டு வருடம் எழுதியிருக்கிறது. எந்த வருடம் வெள்ளம் எதுவரை வந்தது என்ற கணக்கு. 1964-க்கான கோட்டைப் பார்க்க நான் தலையை நிமிர்த்த வேண்டியிருந்தது.

கடைசியாக ஜப்பானியப் பாலம். 1593-ல் கட்டத் தொடங்கியதாகச் சொல்கிறார்கள். பர்ஸிலிருந்து இருபதாயிரம் டோங் நோட்டை எடுக்கச் சொன்னாள். அதே பாலம் அதில் இருக்கிறது. பாலத்தின் ஒரு முனையில் குரங்குகள், மறுமுனையில் நாய்கள். அவர்கள் நாள்காட்டியில் வருடங்களுக்கு விலங்குப் பெயர்; குரங்கு வருடத்தில் தொடங்கி நாய் வருடத்தில் முடித்ததாகக் கதை. இன்னொரு கதைதான் அம்மாவுக்குப் பிடித்தது. பூமிக்கு அடியில் ஒரு பூதாகாரமான பிராணி படுத்திருக்கிறது. வால் ஜப்பானில், முதுகு ஹோய் ஆனில், தலை இந்தியாவில். அது புரண்டால் பூகம்பம் வரும். அது அசையாதிருக்க முதுகில் வாளைச் செருகியது போலக் கட்டியதுதான் இந்தப் பாலம். "தலை நம்ம பக்கமா? அதான் ஊருக்கே தலைவலி" என்றார் அம்மா. அதை மொழிபெயர்த்துச் சொன்னேன். அவள் தொப்பி கழன்று விழும்படி சிரித்தாள்.

பாலத்தைப் பிரித்து மராமத்து செய்து 2024 ஆகஸ்டில்தான் திறந்தார்கள். பெயின்ட் புதுசாகப் பளிச்சென்று இருக்கிறது என்று அப்போது ஒரே சண்டையாம். அவளுடைய கருத்து: "நாலு மழைக்காலம் போகட்டும், தானாகக் கிழடாகிவிடும்."

பாலத்துக்கு அந்தப் பக்கம் ஃபுங் ஹுங் வீடு, 1780-ல் கட்டியது. மாடித் தரையில் மரச்சட்டம் போட்ட ஒரு சதுரத் திறப்பு இருக்கிறது. வெள்ளம் வந்தால் அதைத் திறந்து கீழே உள்ள மேசை நாற்காலி, சரக்கு எல்லாவற்றையும் மேலே இழுத்துவிடுவார்கள். அம்மா குனிந்து அதன் வழியாகக் கீழ்த்தளத்தைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தார். எங்கள் வீட்டில் 2015 டிசம்பரில் தண்ணீர் வந்தபோது பீரோவை நகர்த்தக்கூட முடியவில்லை. நாங்கள் சென்னை, முடிச்சூர்.

நடந்தது மொத்தம் ஒன்றரைக் கிலோமீட்டர்கூட இருக்காது. அம்மா நாலு இடத்தில் உட்கார்ந்தார். ஒரு இடத்திலும் "போலாமா?" என்று அந்தப் பெண் கேட்கவில்லை. உங்களுக்கு எப்படி அமைந்தது?

*

நடைவண்டி எழுதியது:

உங்களுக்கு நல்ல ஆள் வாய்த்திருக்கிறார் சகோதரி. எங்களுக்கும் அதே ஊர், அதே இரண்டு மணி நேரம். ஆனால் அதில் ஐம்பது நிமிடம் ஒரு தையல் கடையில் போனது. "பட்டு எப்படி நெய்கிறார்கள் என்று பாருங்கள்" என்று கூட்டிப்போனார். ஒரு தட்டில் நாலு பட்டுப்புழு இருந்தது, மிச்சமெல்லாம் கோட்டும் சூட்டும். மச்சான் வெட்கப்பட்டுக்கொண்டு அளவு கொடுத்துவிட்டார். மறுநாள் வந்த கோட்டுக்குள் இன்னொரு மச்சான் நுழையலாம்.

தப்பு எங்கள் மேலும்தான். பணம் கட்டும்போது எங்கெங்கே போகிறோம் என்று கேட்கவே இல்லை. கடை வேண்டாம் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள், அவர்களும் முகம் சுளிப்பதில்லை. இன்னொன்று: பழைய ஊருக்கான நுழைவுச் சீட்டு வழிகாட்டிக் கூலியில் சேர்ந்ததா என்று கேளுங்கள். வெளிநாட்டவருக்குத் தலைக்கு 120,000 டோங் ஆனது. நாங்கள் சேர்ந்தது என்று நினைத்தோம்.

*

மூக்குக்கண்ணாடி எழுதியது:

நான் நடந்தது பழைய தலைநகர் ஹுவேயில், அரண்மனைக் கோட்டைக்குள். கோட்டைச் சுற்றுச்சுவரே சுமார் பத்துக் கிலோமீட்டர் என்பதால் 'சின்ன நடை' என்று யாராவது சொன்னால் எதற்கும் எந்த வாசல், எந்தப் பகுதி என்று கேட்டுக்கொள்ளுங்கள். வெயில் மண்டையைப் பிளந்தது.

எங்கள் வழிகாட்டி ஓய்வு பெற்ற வாத்தியார். அரசர்களின் பெயர்களை வரிசையாக ஒப்பிக்கவில்லை, நல்லவேளை. நேராக ஒன்பது வெண்கலக் கொப்பரைகள் இருக்கும் முற்றத்துக்குக் கூட்டிப்போனார். மின் மாங் பேரரசர் 1835-ல் வார்க்கச் சொல்லி 1837-ல் முடிந்தவை. பெரியது ஆளைவிட உயரம். சுற்றிலும் உருவங்கள், ஒன்பதிலும் சேர்த்து 162. சூரியன், கடல், ஆறு, பறவை, படகு, பீரங்கி என்று நாட்டில் இருந்ததெல்லாம் அதில் இருக்கிறது. வாத்தியார் என்னிடம், "உங்கள் ஊரிலும் இருக்கும், கண்டுபிடியுங்கள்" என்று சொல்லிவிட்டு நிழலுக்குப் போய்விட்டார். பரீட்சை எழுதுகிற பையன் போலச் சுற்றிச் சுற்றி வந்தேன். கிடைத்தது: பலா மரம்! அடிமரத்திலேயே காய்த்துத் தொங்குகிறது.

ங்கோ மோன் வாசலில் மட்டும் கொஞ்சம் கூடுதலாக நின்றார். 1945 ஆகஸ்ட் 30 அன்று கடைசிப் பேரரசர் பாவ் தாய் முடி துறந்தது அங்கேதான். வியட்நாம் போரின் 1968 சண்டையில் கோட்டைக்குள் பெரும்பகுதி போய்விட்டது. அந்த வருடத்தைப் பற்றி நான் மேலும் கேட்டேன். "அப்போது எனக்கு எட்டு வயது" என்றார். அதற்கு மேல் எதுவும் சொல்லாமல் தண்ணீர்ப் பாட்டிலை நீட்டினார். நானும் விட்டுவிட்டேன்.

*

வாடாமல்லி எழுதியது:

நடைவண்டி அண்ணா, அந்த இன்னொரு மச்சானுக்கு என் அனுதாபங்கள். அந்தப் பெண் எங்களைக் கடைக்கு அழைக்கவே இல்லை. கடைசியில் நாங்களாகக் கேட்டதற்கு விளக்குக் கடை ஒன்றைக் கை காட்டிவிட்டுப் போனாள்.

ஒன்று விட்டுப்போயிற்று. அதே வருடம் அக்டோபர் கடைசியில் டிவியில் ஹோய் ஆன் வெள்ளத்தைக் காட்டினார்கள். நாங்கள் நடந்த தெருவில் படகு போனது, கடைகளின் முக்கால் கதவு தண்ணீருக்குள். அந்தப் பெண்ணுக்கு வாட்ஸாப்பில் கேட்டேன். இரண்டு நாள் கழித்து, வீட்டில் எல்லோரும் பத்திரம், சேறு கழுவிக்கொண்டிருக்கிறோம் என்று எழுதி, பெரியம்மாவின் முழங்கால் எப்படி இருக்கிறது என்று கேட்டிருந்தாள். அம்மாவிடம் படித்துக் காட்டினேன். அம்மா கேட்டது வேறு: "அந்த மாடி ஓட்டை வழியாச் சாமானெல்லாம் நேரத்துக்கு ஏத்திட்டாங்களாமா, கேளு."