மறு: காலவோட்டத்தைக் கட்டுப்படுத்தும் கருவிக்குத் தமிழில் என்ன பெயர்?

அன்புள்ள நண்பர்களுக்கு வணக்கம். கதாசிரியர் ஒருவர் தம் கதையில் வரும், காலவோட்டத்தைக் கட்டுப்படுத்தும் கருவிக்குத் தமிழ்ப் பெயர் கேட்டு இந்த இழையைத் தொடங்கியிருந்தார். வந்த பரிந்துரைகளைப் பற்றியும் என் பரிந்துரையைப் பற்றியும் இங்கே எழுதுகிறேன்.

> கால இயந்திரம் என்ற சொல் ஏற்கெனவே இருக்கும்போது புதிதாக எதற்கு?

இருக்கிறது, ஆனால் அது வேறு பொருள். கால இயந்திரம் ஆளை ஏற்றிக்கொண்டுபோய் நேற்றிலோ நாளையிலோ இறக்கிவிடும். இந்தக் கதையில் வரும் கருவி யாரையும் எங்கும் அனுப்புவதில்லை. கைக்கடக்கமான பெட்டி, மேலே ஒரு குமிழ். ஒரு பக்கம் திருகினால் அறைக்குள் காலம் மெதுவாகப் போகும், மறுபக்கம் திருகினால் விரையும், முழுக்க மூடினால் நின்றுவிடும். பின்னோக்கி மட்டும் ஓடாது. கதையின் முடிச்சே அதில்தான் இருக்கிறது என்று இழையைத் தொடங்கியவர் முதல் மடலிலேயே எழுதியிருந்தார். இதுவரை வந்த பரிந்துரைகளில் அந்த வரியை யாரும் கண்டுகொண்டதாகத் தெரியவில்லை.

'காலக் கட்டுப்பாட்டுக் கருவி' விளக்கம்தான், பெயர் ஆகாது. பக்கத்துக்கு நாலு தடவை வரும் பொருளை இப்படி எழுதினால் வாசகர் களைத்துப்போவார். 'காலமுடுக்கி' துகள்முடுக்கி போல நல்ல வார்ப்பு, ஆனால் பாதி வேலையைத்தான் சொல்கிறது. 'காலநிறுத்தி'யும் அப்படியே.

இலங்கை நண்பர் தந்த 'கால ஆளி' எனக்குப் பிடித்திருந்தது. சுவிட்சுக்கு அங்கே ஆளி என்பது பாடநூல் சொல், குட்டியான சொல்லும்கூட. ஆனால் சேர்த்து எழுதிப் பாருங்கள்: காலவாளி. யாரோ வாளியைத் தூக்கிக்கொண்டு வருவது போல இருக்கிறது. போதாததற்கு, ஆளி என்றால் போடுவது, அணைப்பது என்ற இரண்டே நிலைதான் மனதில் வரும். இங்கே வேண்டியது இடைப்பட்ட நிலைகள்.

> காலம் வேண்டாம், பொழுது என்று தொடங்கலாமே. முதற்பொருளே நிலமும் பொழுதும்தானே?

சரிதான், அகப்பாடலுக்கு அடிப்படையான முதற்பொருள் அவைதான். ஆனால் நாளைப் பிரித்த சிறுபொழுது ஆறு, ஆண்டைப் பிரித்த பெரும்பொழுது ஆறு என்று பொழுது கூறுகளாகவே நமக்குப் பழகியிருக்கிறது. ஓடிக்கொண்டே இருக்கும் ஒன்றுக்குக் காலமே பொருந்தும். 'காலம் தாமே மூன்றென மொழிப' என்று தொல்காப்பியமே ஆளும் சொல்லை நாம் ஒதுக்க வேண்டியதில்லை. (பொழுதைப் போக்கும் கருவி என்று 'பொழுதுபோக்கி' வைத்தால் தொலைக்காட்சிப் பெட்டி என்று நினைத்துக்கொள்வார்கள்.) முல்லைப்பாட்டின் 'குறுநீர்க் கன்னல்' காட்டி, 'கன்னல்' போதும் என்றார் இன்னொருவர். அது பொழுதை அளந்து சொன்ன நீர்க்கடிகாரம், பொழுதை ஆட்டிவைத்ததல்ல. அப்புறம், கன்னல் என்றதும் பலருக்குக் கரும்புதான் நினைவுக்கு வரும்.

இயற்பியல் படித்த நண்பரின் 'காலவீதமாற்றி' கருத்தில் மிகச் சரி. மாறுவது வீதம்தான், அதாவது காலம் ஓடும் வேகம். நிஜத்திலும் அது மாறுகிறது. 1971-இல் சீசியம் அணுக்கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் ஏற்றி உலகைச் சுற்றிக் கொண்டுவந்து, தரையில் இருந்தவற்றோடு ஒப்பிட்டார்கள். நொடியில் நூறுகோடியில் சில பத்து முதல் சில நூறு பங்கு வரை என்ற அளவில் வேறுபாடு கிடைத்தது. ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரங்கள் தரைக் கடிகாரங்களைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோநொடி முந்தும் என்பதால், அதற்கேற்பத் திருத்திவைத்துத்தான் அனுப்புகிறார்கள். கதைக் கருவி அதையே குமிழில் செய்கிறது. ஆனாலும் வீதமாற்றி என்ற சொல் வட்டி அறிவிப்பின் வாடையோடு வருகிறது.

என் பரிந்துரை: காலமதகு.

முதலில் 'காலமடை' என்றுதான் எழுத உட்கார்ந்தேன். மடை திறந்தது போல என்ற வழக்கு தயாராக இருக்கிறது. ஆனால் காலம் + அடை என்று பிரித்தாலும் காலமடை வந்துவிடும். இயக்குபவரை என்னவென்று அழைப்பது என்ற சிக்கல் வேறு. காலமடையன் என்றால் கதாநாயகன் கோபித்துக்கொள்வான். மதகில் இந்தத் தொல்லைகள் இல்லை. கொஞ்சமாகத் திறக்கலாம், முழுக்கத் திறக்கலாம், அடைக்கலாம். எத்தனை திருகினாலும் வெளியே போன நீர் ஏரிக்குத் திரும்பாது. கருவியால் முடியாதது எது என்பதையும் பெயரே சொல்லிவிடுகிறது.

வேற்றுமை ஏற்றுப் பார்த்தேன்: காலமதகை, காலமதகால், காலமதகின். எங்கும் இடறவில்லை. வாக்கியத்தில்:

"அவள் காலமதகை அரைச்சுற்று மூடினாள். மேசையிலிருந்து விழுந்த கண்ணாடிக் குவளை பாதி வழியில் தயங்கி, தரையைத் தொட இடம் பார்ப்பது போல இறங்கியது."

கருவியின் பிடிக்குள் இருக்கும் பரப்புக்கு மின்புலம், காந்தப்புலம் வரிசையில் 'மதகுப்புலம்' எனலாம். குமிழ் குமிழாகவே இருக்கட்டும்.

ஒரு கேள்வி, கதாசிரியருக்குத்தான். மதகை அடைத்தால் பின்னால் நீர் தேங்கும், திறந்ததும் பாய்ந்து வரும். உங்கள் கதையில் நிறுத்திவைத்த காலம் அப்படித் தேங்குகிறதா, திறந்ததும் அறைக்குள் சேர்த்துவைத்து விரைகிறதா? ஆம் என்றால் காலமதகு கச்சிதம். நிறுத்தியது நிறுத்தியதுதான், பிறகு வழக்கமான வேகத்திலேயே தொடரும் என்றால் இந்தச் சொல் வாசகருக்கு இல்லாத எதிர்பார்ப்பைக் கொடுத்துவிடும். அப்போது நான் 'காலவோட்டச் சீராக்கி'க்குக் கை தூக்குகிறேன், நீளமாக இருந்தாலும்.