காற்று குறுக்கிட்ட பேட்டி

பன்னிரண்டு ஆண்டுகளாக ஆவணப்படங்களுக்குப் படத்தொகுப்பு செய்துவருகிறேன். பேட்டி கொடுப்பவர் திணறும் இடம், ஒலிப்பதிவாளர் குறுக்கிடும் இடம், கேள்விக்குப் பின் நீளும் மௌனம் ஆகியவற்றை முதலிலேயே வெட்டி ஒதுக்கிவிட வேண்டும் என்றுதான் நான் தொழில் கற்றேன். அந்தப் பழக்கத்தை உலுக்கியது 1984இல் வெளியான ஒரு பிரேசில் ஆவணப்படம். எடுவார்டோ கொட்டின்யோ இயக்கி, எடுவார்டோ எஸ்கொரெல் தொகுத்த 'காப்ரா மார்காடோ பாரா மொஹேர்' என்ற அந்தப் படத்தை இதுவரை ஆறேழு முறை பார்த்திருக்கிறேன். முதல் முறைக்குப் பிறகு பார்த்ததெல்லாம் வெட்டு எங்கே விழுகிறது என்பதைக் கவனிப்பதற்காகவே. கொல்லப்படக் குறிக்கப்பட்டவன் என்பது தலைப்பின் பொருள். 'காப்ரா' என்றால் ஆடு. பிரேசிலின் வடகிழக்கில் சாதாரண ஆளையும் பேச்சு வழக்கில் அப்படிச் சொல்வார்கள்.

பராய்பா மாநிலத்தின் சாப்பே ஊரில் விவசாயிகள் சங்கத்தை வழிநடத்திய ஜொவாங் பெட்ரோ டெய்ஷெய்ரா 1962 ஏப்ரல் 2 அன்று சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய மனைவி எலிசபெத் தன் பாத்திரத்தில் தானே நடிக்க, மற்ற பாத்திரங்களை விவசாயிகளே ஏற்க, அந்த வாழ்க்கையைக் கதைப்படமாக எடுக்கும் கொட்டின்யோவின் முயற்சி 1964 பிப்ரவரியில் பெர்னாம்புக்கோ மாநிலத்தின் கலிலேயாவில் தொடங்கியது. சில வாரங்களிலேயே ராணுவப் புரட்சி வந்தது. படப்பிடிப்பு நின்றது, கருவிகள் பறிமுதல் செய்யப்பட்டன. பெரும்பாலான நெகட்டிவ் கழுவுவதற்காக முன்பே ரியோவுக்குப் போயிருந்ததால் தப்பியது. பதினேழு ஆண்டுகள் கழித்து, 1981இல், கொட்டின்யோ அதில் நடித்தவர்களைத் தேடிப் போனபோது, எலிசபெத் மார்த்தா என்ற பொய்ப் பெயரில், பெரும்பாலான பிள்ளைகளைப் பிரிந்து, வேறொரு மாநிலத்துச் சிற்றூரில் வாழ்ந்துகொண்டிருந்தார்.

ஆக, எஸ்கொரெலின் மேசைக்கு வந்தவை ஒன்றோடொன்று ஒட்டாத துண்டுகள்: முடியாத கதைப்படத்தின் கறுப்பு வெள்ளைக் காட்சிகள், 1981இன் வண்ணப் பேட்டிகள், பழைய செய்தித்தாள்கள். இருபதுகளின் தொடக்கத்திலேயே பிரேசிலின் புகழ்பெற்ற இயக்குநர் கிளாபர் ரோஷாவின் 'டெஹா எம் டிரான்சி' படத்தைத் தொகுத்த கை அது. வேறொருவராக இருந்தால் இவற்றை வழவழப்பான ஒரே கதையாக ஆக்கியிருக்கக்கூடும். அவர் ஒட்டு தெரியும்படியே விட்டார்.

என்னைப் பிடித்து நிறுத்தியது ஜொவாங் மரியானோவின் பேட்டி. 1964இல் ஜொவாங் பெட்ரோவாக நடித்தவர் அவர். தயங்கித் தயங்கி ஏதோ சொல்லத் தொடங்கும் நேரத்தில், மைக்கில் காற்று அடிக்கிறது என்று ஒலிப்பதிவாளர் நிறுத்துகிறார். சரிசெய்தபின், சொல்லிக்கொண்டிருந்ததைத் தொடரச் சொல்கிறார் கொட்டின்யோ. மரியானோ வாய் திறக்கவில்லை. இயக்குநர் விடாமல் கேட்பதும், அந்த மனிதர் சங்கடத்தோடு நிற்பதும் அப்படியே படத்தில் இருக்கின்றன. வந்தவர்களின் தொழில்நுட்பக் கவலை ஓர் ஏழையின் பேச்சை எப்படி அடைத்துவிடும் என்பதை மறைக்காமல் காட்டுகிற இந்த இடத்தை, நான் தொகுத்திருந்தால் கட்டாயம் தூக்கி எறிந்திருப்பேன்.

எலிசபெத்தின் பேட்டியிலும் இதே நிதானம் உண்டு. முதல் நாள் மகன் பக்கத்தில் நிற்க, அவர் அன்றைய ராணுவ ஆட்சியின் அதிபருக்கு நன்றி சொல்கிறார். சங்கடமான அந்தப் பேச்சை வெட்டாமல், நாட்களின் வரிசையையும் குலைக்காமல் வைத்ததால்தான், குழுவினர் விடைபெற்று வண்டியில் கிளம்பும் நேரத்தில் போராட்டம் நிற்காது என்று அவர் கை வீசிப் பேசும்போது, அந்தப் பெண் மார்த்தாவிலிருந்து எலிசபெத்தாகத் திரும்பி வருவதை நாம் கண்ணால் காண்கிறோம்.

கொட்டின்யோவின் பிற்காலப் படங்களை ஜோர்டானா பெர்க் தொகுத்தார். 2014இல் கொட்டின்யோ இறந்தபோது, ரியோவின் பள்ளி மாணவர்களோடு அவர் நடத்திய உரையாடல்களின் பதிவுகள் தொகுக்கப்படாமல் கிடந்தன. பெர்க் தொகுக்க, ஆவணப்பட இயக்குநர் ஜொவாங் மொரெய்ரா சாலஸ் முடித்துவைத்த அந்தப் படம், இந்த முயற்சி தேறவில்லை என்று கொட்டின்யோவே நாற்காலியில் அமர்ந்து சோர்வோடு பேசுவதில் தொடங்குகிறது. இறந்தவரின் பெயரைக் காப்பதாக எண்ணி அதை மறைத்துவிடாததே அவருக்குச் செய்த பெரிய மரியாதை என்று நான் கருதுகிறேன்.

மரியானோவின் காட்சியை இரண்டாம் முறை பார்த்த அன்றிரவு, பழைய ஹார்ட் டிஸ்க் ஒன்றை எடுத்தேன். செங்கல் சூளையில் வேலை செய்த ஒரு அம்மாவின் பேட்டி அதில் இருந்தது. வாங்கிய முன்பணம் எவ்வளவு என்ற கேள்விக்கு அவர் பதில் சொல்லாமல் முந்தானை நுனியைத் திருகிக்கொண்டே இருந்ததால், பயன்படாது என்று அந்தத் துண்டை மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒதுக்கியிருந்தேன். இப்போது முழுவதையும் ஓடவிட்டேன். நாற்பது வினாடி மௌனத்துக்குப் பிறகு, கேமராவைப் பார்க்காமல், தொகையையும் அதில் இன்னும் கழியாமல் நிற்கும் மீதியையும் அவர் ரூபாய்க் கணக்கில் சரியாகச் சொல்லியிருந்தார்.