ரெனில்லா ஒளியை யாராவது கண்ணால் பார்த்ததுண்டா? (அனுபவப் பகிர்வு)

கொண்டலாம்பட்டி பிப்பெட்
சேலத்தில் எம்.எஸ்சி. படித்தபோது நடந்தது. ரெனில்லா என்ற கடல் மென்பவளத்தின் ஒளி உண்டாக்கும் நொதியை (லூசிஃபெரேஸ்) ஈ.கோலை பாக்டீரியாவில் உற்பத்தி செய்து, புரதத்தைப் பிரித்து வைத்திருந்தோம். வழக்கமாகக் குழித் தட்டை ஒளி அளக்கும் கருவிக்குள் தள்ளி, திரையில் வரும் எண்ணைக் குறித்துக்கொண்டு போய்விடுவோம். அன்று, நொதி ஒளிவிடத் தேவையான சேர்மமான சீலென்ட்ரசினைக் குழாயில் விட்ட கையோடு கரண்ட் போனது. ஜன்னல் இல்லாத அறை. குழாயின் அடியில் நீலம். பிடித்திருந்த கட்டைவிரல் நகத்தின் ஓரம்கூடத் தெரிந்தது. ஜெனரேட்டர் ஓடுவதற்குள் மங்கிவிட்டது.

இன்னும் உறுத்துவது அந்த நீலம்தான். புத்தகப் படத்தில் அந்த மென்பவளம் பச்சையாகத்தானே ஒளிர்கிறது? கேட்டேன். "ரீடிங் வந்துச்சா, அவ்வளவுதான்" என்றார்கள்.

சில்வர்ஓக் நிழல்
நான் ஏற்காடு. கோடை மழை விழுந்த பிறகு காப்பித் தோட்டத்தில் மின்மினி பறக்கும். அக்கா மகள் ஒன்றைப் பிடித்து உள்ளங்கைக்குள் மூடிக்கொண்டு, "சுடவே இல்லையே மாமா" என்றாள். வேலை பார்க்கும் இடத்தில் இந்த ஒளியை நானும் அளந்துகொண்டுதான் இருக்கிறேன், சுடுமா சுடாதா என்று ஒருநாளும் யோசித்ததில்லை. ரெனில்லாவும் அதே லூசிஃபெரேஸ்தான், கடல் மின்மினி என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அம்மாபேட்டை புரதம்
அண்ணே, வைத்துக்கொள்ள முடியாது. பேர் மட்டும்தான் ஒன்று. மின்மினியின் நொதியில் 550 அமினோ அமிலங்கள், ரெனில்லாவில் 311. மின்மினிக்கு ஏடிபி (செல்லின் ஆற்றல் மூலக்கூறு) வேண்டும், மெக்னீசியம் வேண்டும். ரெனில்லாவுக்கு சீலென்ட்ரசினும் ஆக்சிஜனும் போதும். ரெனில்லா நொதியின் அமைப்பைப் பார்த்தால், குளோரின் போன்ற அணுக்களைக் கரிமச் சேர்மங்களிலிருந்து வெட்டியெடுக்கும் பாக்டீரியா நொதிகளுக்குத்தான் அது சொந்தக்காரன். மின்மினிக்கும் அதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. அதனால்தான் இரண்டையும் ஒரே செல்லில் போட்டு அளக்க முடிகிறது. நமக்கு வேண்டிய மரபணு எவ்வளவு வேலை செய்கிறது என்று மின்மினி சொல்லும். எத்தனை செல்லில் டிஎன்ஏ ஏறியது என்ற வித்தியாசத்தைக் கழிக்க ரெனில்லா. முதலில் மின்மினியை அளந்து, அதை அணைத்துவிட்டு, சீலென்ட்ரசின் ஊற்றினால் அடுத்தது. இரண்டும் ஒன்றாக இருந்தால் எதை அணைப்பீர்கள்?

என் அனுபவம் சின்னது. நொதியே சேர்க்காத குழியில் ரீடிங் ஏறியது. சீரம் (இரத்தத்தின் தெளிநீர்) கலந்த செல் வளர்ப்பு ஊடகத்தில் சீலென்ட்ரசின் தானாகவே ஆக்சிஜனேற்றம் அடைந்து ஒளிவிடும், அதுதான் காரணம். ஆகவே தம்பிகளுக்கு: சீலென்ட்ரசினை ஆல்கஹாலில் கரைத்து, ஃபாயில் சுற்றி, சின்னச் சின்னப் பங்காகப் பிரித்து ஆழ்உறைவில் போடுங்கள். தண்ணீர்க் கரைசலாக்கி மறுநாளைக்கு என்று எடுத்து வைக்காதீர்கள். வெறும் ஊடகத்துக்கும் ஒரு குழி ஒதுக்குங்கள். உயிருள்ள எலியில் பார்ப்பதாக இருந்தால் இயற்கை நொதியை நம்பாதீர்கள், சீரத்தில் சீக்கிரம் செத்துவிடும். 8 இடங்களில் மாற்றம் செய்த வகை இருக்கிறது, அதை வாங்குங்கள்.

சில்வர்ஓக் நிழல்
எலி வைத்திருக்கிறேன் என்று யார் சொன்னது?

சூரமங்கலம் டு சவானா
பிப்பெட் கேட்ட நீலத்துக்கு யாருமே பதில் சொல்லவில்லை. நான் உயிரோடு பார்த்திருக்கிறேன். இப்போது ஜார்ஜியா கடற்கரைப் பக்கம் இருக்கிறேன், புயலடித்த மறுநாள் மணலில் ஒதுங்கிக் கிடந்தது. அவரை விதை வடிவம், உள்ளங்கையில் அடங்கும், ஊதா நிறம், அடியில் மணலில் ஊன்றிக்கொள்ள ஒரு தண்டு. மேலே வெள்ளை வெள்ளையாகப் பாலிப்புகள், ஒவ்வொன்றுக்கும் 8 கொடுக்கு மாதிரி உணர்விழைகள். ஒரே உயிரி மாதிரி தெரியும், ஆனால் கூட்டுக் குடும்பம். தட்டும் தண்டும் சேர்ந்து முதல் பாலிப், மற்றதெல்லாம் அதில் முளைத்தவை. சிலது இரை பிடிக்கும், சிலது தண்ணீர் இறைக்கும்.

வாளிக் கடல்தண்ணீரில் போட்டு, இரவு விளக்கணைத்து ஓரத்தில் விரலால் அழுத்தினேன். தொட்ட இடத்திலிருந்து பச்சை வளையம் கிளம்பி மறு ஓரம் வரை ஓடியது. விரலை எடுத்த பிறகும் அடுத்த வளையம் வந்தது. தொடுகை நரம்பு வலை வழியாகப் பரவுவதால் அப்படி.

ஏன் பச்சை? நொதி மட்டும் இருந்தால் 480 நானோமீட்டர், நீலம். உயிரியில் பக்கத்திலேயே பச்சை ஒளிர்வுப் புரதம் இருக்கிறது. ஆற்றல் நீல ஒளியாக வெளியே வராமலே நேராக அதற்குத் தாவி, 509-இல் பச்சையாக வெளிப்படும். நீங்கள் குழாயில் வைத்திருந்தது பாதிதான். இந்தத் தாவலை வைத்தே 1999-இல் ஒரு முறை கண்டுபிடித்தார்கள்: ஒரு புரதத்தோடு ரெனில்லா நொதியையும், இன்னொன்றோடு மஞ்சள் ஒளிர்வுப் புரதத்தையும் ஒட்டிவிட்டால், இரண்டும் நெருங்கும்போது நிறம் மாறும்.

ஐந்துரோடு
2019 ஆகஸ்டில் சென்னை பெசன்ட் நகரில் அலை நீலமாக மின்னியதே, அதுவும் இந்தப் பவளமா? என் ஷூ தடமெல்லாம் ஒளிர்ந்தது.

அம்மாபேட்டை புரதம்
இல்லை, அது நாக்டிலூக்கா. ஒற்றைச் செல் உயிரி, தனிக்கதை. அப்புறம் சூரமங்கலம் அண்ணே, கால்சியத்தை விட்டுவிட்டீர்கள். சீலென்ட்ரசினைப் பிடித்து வைத்திருக்கும் புரதம் கால்சியம் வந்தால்தான் அதை விடும், தொட்டவுடன் எரிவது அதனால்தான்.

கொண்டலாம்பட்டி பிப்பெட்
சரி, பச்சைப் புரதத்தையும் சேர்த்து ஒரு குழாய் போட்டுப் பார்க்கிறேன். யாரிடமாவது ரெனில்லாவின் அந்த மரபணு இருக்கிற பிளாஸ்மிட் (மரபணுவைச் சுமக்கும் டிஎன்ஏ வளையம்) இருந்தால் சொல்லுங்கள், ஜெல்லிமீனின் பச்சைப் புரதம் வேண்டாம்.