பேச்சுப் போட்டி நடுவர் தீர்ப்பை எதிர்த்து நீதிமன்றம் போக முடியுமா?

ஈசூன் அம்மா:
மகள் தொடக்கநிலை 5. போன வாரம் ஓர் அமைப்பு நடத்திய தமிழ்ப் பேச்சுப் போட்டியில் அவளுக்குப் பரிசு கிடைக்கவில்லை. அது கூடப் பரவாயில்லை. முதல் பரிசு வாங்கிய பிள்ளைக்குத் துணைப்பாடம் சொல்லிக்கொடுப்பவரே மூன்று நடுவர்களில் ஒருவர் என்று அப்புறம்தான் தெரிந்தது, இரண்டு நாளாக எனக்குச் சரியான தூக்கமில்லை. கேரளத்தில், பாலக்காட்டில் என் நாத்தனார் மகள் கலோற்சவம் என்கிற பள்ளிக் கலைவிழாவின் மாவட்டப் போட்டியில் பரதநாட்டியத்தில் இரண்டாவதாக வந்தாள். அப்பீல் தள்ளுபடியானதும் கோர்ட் உத்தரவு வாங்கி மாநில மேடையிலேயே ஆடிவிட்டாள். இங்கே சிங்கப்பூரிலும் அப்படி வழி உண்டா? வழக்கறிஞர் கடிதம் அனுப்பலாமா?

பாலக்காட்டுக்காரன், உட்லண்ட்ஸ்:
அக்கா, அந்தக் கதை வேறு. 1957இல் தொடங்கிய கேரளப் பள்ளிக் கலோற்சவத்தில் பள்ளி, உபமாவட்டம், மாவட்டம் என்று ஏறி ஏறித்தான் மாநிலத்துக்குப் போக வேண்டும். மாவட்டத்தில் முதலாவதாக வந்தால்தான் இடம். மாநிலத்தில் கிரேடு வாங்கினால் பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ தேர்வில் கிரேஸ் மார்க் என்று கூடுதல் மதிப்பெண் சேரும், அதனால் பெற்றோர் விடமாட்டார்கள். அதிகப் புள்ளி எடுத்த மாணவிக்கும் மாணவனுக்கும் கொடுத்த கலாதிலகம், கலாபிரதிபா பட்டங்களை 2006இல் நிறுத்திப் பார்த்தார்கள், அப்பீல் குறையவில்லை. 2018 ஜனவரி திருச்சூர் கலோற்சவத்தில் பிள்ளையை மேடையேற்றச் சொல்லி, குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகளே வந்து, ஆட்களைக் கைது செய்யும் அளவுக்குப் போனது. உத்தரவோடு வருகிற ஒவ்வொரு பிள்ளைக்கும் மேடையில் நேரம் ஒதுக்க வேண்டும், நிகழ்ச்சி விடியற்காலை வரை இழுக்கும், முறைப்படி வந்த பிள்ளை மேக்கப் போட்டபடி பசியோடு உட்கார்ந்திருக்கும். நான் அதைப் பார்த்து வளர்ந்தவன். உங்கள் நாத்தனார் மகளுக்கும் கோர்ட் மேடையைத்தான் கொடுத்தது, மதிப்பெண்ணைக் கொடுத்திருக்காது. ஆட்டத்தை எடைபோடத் தாங்கள் நிபுணர்கள் இல்லை என்பதுதான் அங்கே உயர் நீதிமன்றத்தின் நிலைப்பாடு.

நடன ஆசிரியை:
பள்ளிக் கலைக்குழுக்களை மதிப்பிடும் சிங்கப்பூர் இளையர் விழாவுக்குப் பல வருடம் பிள்ளைகளைத் தயார் செய்தவள் நான். 2013க்கு முன்பு தங்கம், வெள்ளி, வெண்கலம் என்று இருந்தபோது முடிவு வந்த அன்று பிள்ளைகள் அழுத அழுகை இன்னும் காதில் இருக்கிறது. இப்போது கொடுப்பது சான்றிதழ்தான், தகுதி இருந்தால் எத்தனை குழுவுக்கும் ஒரே தரம் கிடைக்கும், ஒருவர் ஏறினால் இன்னொருவர் இறங்க வேண்டியதில்லை. கேரளத்தில் மாவட்டத்துக்கு ஓர் இடம், அதனால்தான் சண்டை. உங்கள் பேச்சுப் போட்டியும் அந்த ரகம்தான், முதல் பரிசு ஒன்றே ஒன்று.

சட்டம் படித்தவர்:
இங்கே நீதிமன்றம் மறுஆய்வு செய்வது அரசு, பொது அமைப்புகளின் முடிவுகளைத்தான். அதற்கும் முதலில் நீதிமன்ற அனுமதி வேண்டும், முடிவை ரத்து செய்யக் கேட்பதென்றால் பொதுவாக 3 மாதத்துக்குள் போக வேண்டும். அப்போதும் முடிவு எடுத்த முறையைப் பார்ப்பார்களே தவிர, யார் நன்றாகப் பேசினார் என்று பார்க்க மாட்டார்கள். தனியார் அமைப்பின் போட்டிக்கு அந்த வழியே பொருந்தாது. போட்டி விதிகளை ஒப்பந்தம் என்று வாதிடலாம், ஆனால் பரிசின் மதிப்பைவிட வழக்கறிஞர் கட்டணம் பல மடங்கு ஆகும். ஆனால் உங்கள் கையில் இருப்பது நல்ல புள்ளி. "என் மகள் நன்றாகப் பேசினாள்" என்று எழுதாதீர்கள். நடுவருக்கும் போட்டியாளருக்கும் உள்ள உறவு முன்கூட்டியே அறிவிக்கப்பட்டதா, அந்தப் பிள்ளைக்கு அவர் மதிப்பெண் போட்டாரா, இந்த இரண்டை மட்டும் எழுத்தில் கேளுங்கள். அந்த வெற்றி பெற்ற பிள்ளையின் பெயரை எங்கும் இழுக்க வேண்டாம், அது ஒரு தவறும் செய்யவில்லை.

ஈசூன் அம்மா:
நன்றி. வழக்கறிஞர் கடிதம் வேண்டாம். அந்த இரண்டு கேள்வியையும் இன்றிரவு மின்னஞ்சலில் அனுப்புகிறேன், அடுத்த வருடத்திலிருந்து நடுவர்கள் போட்டியாளர் பட்டியலைப் பார்த்து, அதில் தங்கள் மாணவர் இல்லை என்று கையெழுத்திட வேண்டும் என்றும் சேர்த்து எழுதுகிறேன். மகள் ஏப்ரல் தமிழ்மொழி விழாப் போட்டி ஒன்றுக்குப் பெயர் கொடுக்கலாமா என்று நேற்றே கேட்டாள், நான்தான் பதில் சொல்லாமல் இருந்தேன்.