எஸ்.ஆரில் (பணிப் பதிவேட்டில்) பிறந்த தேதி தப்பு, ஓய்வு பெறும் நேரத்தில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போகலாமா?

திருமங்கலத்தான்:
வணக்கம். 1990-இல் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தேன், இப்போது கண்காணிப்பாளர். எஸ்.ஆர்.படி பிறந்த தேதி 1.6.1966, அதனால் 2026 மே 31-இல் ஓய்வு. ஆனால் நான் பிறந்தது அண்ணா முதலமைச்சரான வருடம், 1967 புரட்டாசியில். ஜாதகம் இருக்கிறது. அண்ணனைப் பள்ளியில் சேர்க்கப் போன அப்பா என்னையும் சேர்த்து விட்டுவிட்டு வர, ஐந்து வயது ஆகவேண்டுமே என்று தலைமையாசிரியர் ஜூன் 1 போட்டுவிட்டார். ஒரு வருடத்துக்கும் மேலான சர்வீஸ் போகிறது, மகள் இன்ஜினியரிங் மூன்றாம் வருடம், வீட்டுக் கடனும் பாக்கி. உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டால் கிடைக்குமா?

ஒத்தக்கடை வாசி:
சார், கிடைக்காது. பிறந்த தேதியைத் திருத்த வேண்டும் என்றால் வேலையில் சேர்ந்த ஐந்து வருடத்துக்குள் மனு கொடுத்திருக்க வேண்டும் என்பது நம் மாநில விதி. உங்களுக்கு அது 1995-லேயே முடிந்துவிட்டது. தமிழ்நாடு அரசு எதிர் வேணுகோபாலன் வழக்கில் 1994-லேயே உச்ச நீதிமன்றம், சர்வீஸ் முழுக்க சும்மா இருந்துவிட்டு ஓய்வு நெருங்கும்போது வயதைக் கிளப்பக் கூடாது என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. ஜாதகம் உண்மையாகவே இருக்கலாம், நான் சந்தேகப்படவில்லை, ஆனால் கோர்ட் முதலில் கேட்பது இத்தனை வருடம் ஏன் கேட்கவில்லை என்பதைத்தான். எஸ்.எஸ்.எல்.சி. புத்தகத்தில் ஒரு தேதி, எஸ்.ஆரில் வேறு தேதி என்று எழுத்தர் பிழை இருந்தால் அது வேறு கதை. உங்களுக்கு இரண்டிலும் ஒரே தேதிதானே?

இன்னொன்று, ஒன்றாம் தேதி பிறந்தவர்கள் முந்தைய மாதக் கடைசியிலேயே போக வேண்டும். ஜூன் 2 என்று எழுதியிருந்தால்கூட ஜூன் 30 வரை இருந்திருப்பீர்கள்.

மேலூர்க்காரர்:
கோபித்துக்கொள்ளாதீங்க அண்ணே. ஓய்வு வயது 58 என்று இருந்ததை 2020-இல் 59, 2021-இல் 60 என்று ஆக்கினார்கள். நீங்கள் அந்த இரண்டு வருடத்தை வாங்கிக்கொண்டவர்தான். என் மகன் நான்கு வருடமாக டி.என்.பி.எஸ்.சி. குரூப் 4 எழுதுகிறான், ஒரு சீட் காலியாவது எங்களுக்கு எவ்வளவு பெரிய விஷயம் தெரியுமா?

வைகைக்கரை, ஓய்வு பெற்றவன்:
மேலூர்த் தம்பி சொல்வதில் வலி இருக்கிறது, ஆனால் 60 ஆக்கியது அரசு, இவர் இல்லை. வயதைக் கூட்டுவதும் குறைப்பதும் அரசின் கையில்தான், கோர்ட் அதில் லேசில் தலையிடாது. 1983-இல் ஆந்திராவில் 58-ஐ 55 ஆகக் குறைத்தார்கள், ஒரே நாளில் எத்தனையோ பேர் வீட்டுக்குப் போனார்கள், உச்ச நீதிமன்றம் 1985-இல் அரசுக்கு அந்த அதிகாரம் உண்டு என்றே சொன்னது.

திருமங்கலத்தாரே, வக்கீல் பீஸுக்கு எடுத்துவைத்த பணத்தைக் கடனில் கட்டுங்கள். நீங்கள் 2003 ஏப்ரல் 1-க்கு முன் சேர்ந்தவர், பழைய ஓய்வூதியம் உண்டு, அதற்குப் பின் வந்த பிள்ளைகளுக்கு அந்தப் பழைய ஓய்வூதியம் இல்லை. இப்போதே எஸ்.ஆரை வாங்கி ஒவ்வொரு பக்கமாகப் பாருங்கள், ஈட்டிய விடுப்புக் கணக்கு சரியா, தணிக்கைத் தடை (தணிக்கையில் எழுப்பிய ஆட்சேபணை) ஏதும் நிற்கிறதா, பழைய 17பி (ஒழுங்கு நடவடிக்கை) ஏதாவது முடிக்காமல் கிடக்கிறதா என்று. என் கூட வேலை பார்த்தவருக்கு ஒரு பழைய தணிக்கைத் தடையால் பணிக்கொடை பதினான்கு மாதம் நின்றது.

திருமங்கலத்தான்:
சரிங்க ஐயா. இரண்டிலும் ஒரே தேதிதான், வழக்கு யோசனையை விட்டுவிட்டேன். திங்கட்கிழமை எஸ்.ஆர். கேட்டு எழுதிக் கொடுக்கிறேன். 2004-இல் ஒரு தணிக்கைத் தடை வந்த ஞாபகம், பணம் கட்டிய ரசீது வீட்டில் இருக்கிறதா என்று தேட வேண்டும்.