செஸ்க்விபிடேலியன்: இது எந்த 'அடி'?

சொல்தேடி:
ஒரு ஆங்கில மதிப்புரையில், எழுத்தாளரின் நடை 'செஸ்க்விபிடேலியன்' என்று இருந்தது. நீளநீளமான சொற்கள் நிறைந்தது என்கிறது அகராதி. லத்தீனில் 'ஒன்றரை அடி' என்று பொருளாம். செய்யுள் அடியா, அளவுகோல் அடியா? தமிழில் எப்படிச் சொல்வது?

கூழாங்கல்:
அளவுகோல் அடிதான். பின்பாதி 'பெஸ்', அதாவது பாதம். முன்பாதிதான் சுவாரசியம். 'செமிஸ்' என்றால் அரை. 'க்வே' நம் 'உம்' போலவே சொல்லின் வாலில் ஒட்டிக்கொள்ளும். இரண்டும் சேர்ந்து தேய்ந்ததுதான் 'செஸ்க்வி': அரையும், அதாவது ஒன்றும் அரையும்.

ரோமானிய அடி சுமார் 29.6 செ.மீ. ஒன்றரை அடி என்றால் 44.4 செ.மீ. கட்டடக் கலைஞர் விட்ருவியஸ், வெந்நீர்க் குளியலறையின் தரைக்கடியில் சூடான காற்று ஓடும் பகுதிக்கு இந்த அளவு ஓடுகளைத்தான் பதிக்கச் சொல்கிறார். அதன்மேல் 2 அடி உயரத் தூண்கள், அவற்றின் தலையில் இரண்டடி ஓடுகள். அசல் கொத்தனார் சொல் இது.

மரப்பாச்சி:
அதைக் கேலிச்சொல் ஆக்கியவர் ரோமானியக் கவிஞர் ஹொரேஸ் (கி.மு. 65–8). கவிதைக் கலை பற்றிய 'ஆர்ஸ் பொயட்டிகா'வில், வறுமையில் நாடிழந்து நிற்கும் துன்பியல் நாடக நாயகர்கள் டெலஃபஸும் பீலியஸும் பார்ப்பவர் மனத்தைத் தொட வேண்டுமானால் 'ஆம்புல்லா'க்களையும் ஒன்றரை அடிச் சொற்களையும் வீசி எறிவார்கள் என்கிறார். ஆம்புல்லா என்பது வயிறு உப்பிய எண்ணெய்க் குப்பி. வெற்று ஆடம்பரப் பேச்சுக்குக் குறியீடு. ஊசி மருந்து வரும் ஆம்ப்யூல் அதன் வழி வந்ததே.

கூழாங்கல்:
பயன்படுத்தும்போது பலர் சறுக்கும் இடம்: நீளமான எதற்கும் இது பொருந்தாது. சாலையையோ கூட்டத்தையோ அப்படிச் சொன்னால் சிரிப்பார்கள். சொல், நடை, அப்படிப் பேசும் ஆள், இவற்றுக்கு மட்டுமே, லேசான கிண்டலோடு. அழுத்தம் 'டே'யில் விழும்.

'செஸ்க்வி' வேறு இடங்களிலும் உண்டு. அமெரிக்க விடுதலையின் 150ஆம் ஆண்டுக்கு 1926இல் ஃபிலடெல்ஃபியாவில் நடந்த கண்காட்சி 'செஸ்க்விசென்டென்னியல்'. வேதியியலில் அலுமினியம் ஆக்சைடு ஒரு செஸ்க்விஆக்சைடு: 2 அலுமினிய அணுவுக்கு 3 ஆக்சிஜன், அதாவது ஒன்றுக்கு ஒன்றரை. ஆனால் 'பெட்' என்று தொடங்குகிறதே என்று 'பெடகாஜி'யை (கற்பிக்கும் கலை) 'பாத'க் குடும்பத்தில் சேர்த்துவிடாதீர்கள். அது 'குழந்தை' என்னும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது.

மரப்பாச்சி:
தமிழுக்கு 'பண்டித நடை' சரிப்படாது. குட்டிச் சொல்கூடக் கடினமாக இருக்கலாமே! சொல்லைக் குறித்தால் 'வாய்கொள்ளாச் சொல்', நடைக்கு 'வாய்கொள்ளா நடை' என்று போடலாம். கிண்டலும் தங்கும்.