‘ஐ ஆம் சம்படி’: சங்கத்தின் பணத்தில் எடுத்த படம் தொழிலாளரின் படமாகுமா?

தறிக்காரன்:
1969 மார்ச் முதல் ஜூன் வரை, அமெரிக்காவின் தென் கரோலினா மாநிலத்துச் சார்ல்ஸ்டன் நகரில், 12 பேரை வேலையைவிட்டு நீக்கியதை எதிர்த்தும் சங்க உரிமை கேட்டும் மருத்துவமனைப் பணியாளர்கள் சுமார் 400 பேர் வேலைநிறுத்தம் செய்தார்கள். பெரும்பாலும் கறுப்பினப் பெண்கள். அதைப் பற்றிப் படத்தொகுப்பாளர் மேடலின் ஆண்டர்சன் 1970இல் இயக்கிய ‘ஐ ஆம் சம்படி’ (‘நானும் ஓர் ஆள்’) என்ற அரைமணி நேர ஆவணப்படத்தை இங்கே பலர் தொழிலாளர் படங்களுக்கு முன்மாதிரி என்கிறார்கள். எனக்கு உடன்பாடில்லை. படத்திற்குப் பணம் கொடுத்தது, போராட்டத்தை நடத்திய, ‘1199’ என்ற எண்ணால் அழைக்கப்படும் நியூயார்க் மருத்துவமனைத் தொழிலாளர் சங்கம். நீக்கப்பட்டோர் மீண்டும் சேர்த்துக்கொள்ளப்பட்டார்கள், கூலியும் உயர்ந்தது. ஆனால் சங்கத்திற்கு அங்கீகாரம் கிடைக்கவில்லை, சார்ல்ஸ்டன் கிளை நெடுநாள் நிலைக்கவுமில்லை. படமோ வெற்றிப் பெருமிதத்தோடு முடிகிறது. இதைப் பிரசாரம் என்று சொல்ல ஏன் தயங்க வேண்டும்?

மூவியோலா:
பணம் எங்கிருந்து வந்தது என்பதோடு நண்பர் நிறுத்திக்கொண்டார். காட்சிகள் எங்கிருந்து வந்தன என்று கேட்டிருந்தால் பதில் வேறாக இருந்திருக்கும். படத்தில் கணிசமான பகுதி தொலைக்காட்சிச் செய்திப் பதிவுகள். அந்தக் கேமராக்கள் மார்ட்டின் லூதர் கிங்கின் மனைவி கொரெட்டா கிங் வந்தபோதும், கிங்குக்குப் பின் அவரது இயக்கத்தை நடத்திய அபர்நதி கைதானபோதும், ஆளுநர் தேசியக் காவல் படையை இறக்கியபோதும் ஓடின, மணிக்கு 1.30 டாலர் கூலி வாங்கிய செவிலியர் உதவியாளர் அவற்றில் ஊர்வலத்துக் கூட்டத்தில் ஒரு தலை, அவ்வளவே. ஆண்டர்சன் அதே பதிவுகளை எடுத்து, வேலைநிறுத்தம் செய்த கிளேர் பிரவுன் என்ற பெண்ணின் குரலை அவற்றின்மேல் ஓடவிட்டார். உடனே தலைவர்கள் விருந்தினர்களாகிவிடுகிறார்கள், கூட்டத்தில் ஒரு தலையாக இருந்தவள் கதை சொல்பவளாகிறாள். பொதுத் தொலைக்காட்சியில் கறுப்பினத்தவரைப் பற்றி வந்த ‘பிளாக் ஜர்னல்’ நிகழ்ச்சியில் பிறர் எடுத்ததை வெட்டி ஒட்டிப் பழகிய அவர் கைக்கு, எந்தக் காட்சி யாருடைய பார்வையில் எடுக்கப்பட்டது என்பது முதல் பார்வையிலேயே தெரியும். (இயக்குநராகவே தொடங்கியவர்கள் இதைக் கற்றுக்கொள்ளப் பல படங்கள் பிடிக்கும் என்பது என் தனிப்பட்ட பொல்லாப்பு.)

தறிக்காரன்:
தொகுப்புத் திறமையை நான் மறுக்கவில்லை. என் வருத்தமே அதில்தான் இருக்கிறது: தொகுப்பாளர் இருப்பதை வைத்துப் பிழைப்பவர், இயக்குநர் இல்லாததைத் தேடிப் போக வேண்டியவர். படத்தின் பெரும்பகுதி தெருவிலும் கூட்டங்களிலும் கழிகிறது. வார்டில் அவர்கள் தூக்கியதும் துடைத்ததும் எங்கே? உழைப்பைக் காட்டாமல் உழைப்பாளரைப் பற்றிய படம் என்று எப்படிச் சொல்வது?

சங்கத்துக்காரன்:
வேலைநிறுத்தப் படத்தில் வேலை எங்கே என்று கேட்கிறீர்களே, ஐயா! அவர்கள் வார்டுக்கு வெளியே நின்றதுதான் போராட்டம். அங்கீகாரத்தைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும்: அரசு நிறுவனம் சங்கத்தோடு பேரம் பேசச் சட்டத்தில் இடமில்லை என்பதே மாநில அரசின் வாதம். அந்தச் சுவருக்கு முன்னால் நின்று, 12 பேரையும் வேலைக்குள் கொண்டுவந்து, குறைந்தபட்சக் கூலியை 1.60 டாலருக்கு உயர்த்தியவர்கள் பெருமிதப்படக் கூடாதா? கிளை கலைந்தது பிற்பாடு. அதை 1970இல் முடிந்த படத்தில் தேடுவது நியாயமில்லை.

தறிக்காரன்:
கூலியைப் பற்றிச் சொன்னதை ஏற்கிறேன். ஆனால் சங்கமே பணம் தரும்போது, சங்கத்தின் தலைமையோடு அந்தப் பெண்களுக்கு இருந்திருக்கக்கூடிய மனத்தாங்கலைப் படத்தொகுப்பாளர் மேசையில் வைத்திருப்பாரா?

மூவியோலா:
வைத்திருக்க மாட்டார், அந்த விலையை நானும் மறுக்கவில்லை. ஆனால் எந்தத் தொலைக்காட்சி நிலையம் 1970இல் ஒரு கறுப்பினப் பெண் இயக்குநரிடம், மற்றொரு கறுப்பினப் பெண் தொழிலாளியின் குரலில், இந்தப் படத்தை எடுத்துத் தரும்படி கேட்டது? 2019இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இது சேர்க்கப்பட்டது. அதற்கு அரை நூற்றாண்டு முன்பு பணம் தரத் தயாராக இருந்தது அந்தச் சங்கம்தான்.